காற்றை மறைத்து நின்ற கப்பல்

தொண்ணூற்று நாலோ அஞ்சோ, வருஷம் சரியாக நினைவில்லை. சித்திரை மாதக் கடைசி என்பது மட்டும் நிச்சயம். தூத்துக்குடியிலிருந்து மாலத்தீவுக்குச் சரக்கு ஏற்றிப் போகும் ஒரு பாய்மரத் தோணியில் நான் பண்டாரியாக, அதாவது சமையல்காரனாக இருந்தேன்.

கடல் எனக்குப் பரம்பரைத் தொழில் அல்ல. பிறந்தது விக்கிரமசிங்கபுரம். ஒன்பதாம் வகுப்பைப் பாதியில் விட்டுவிட்டு நூல் மில்லில் கழிவுப் பஞ்சு மூட்டை ஏற்றினேன். பிறகு ஸ்ரீவைகுண்டத்தில் வாழைத்தோப்பு வேலை. பிறகு ஏரலில் லாரிக்குத் தார் ஏற்றும் வேலை. தாமிரபரணி போகிற வழியிலேயே நானும் இறங்கி இறங்கி வந்து, கடைசியில் வாழைத்தார் லாரியோடு துறைமுகத்துக்குப் போனவன், ஊருக்குத் திரும்பாமல் தோணியில் ஏறிவிட்டேன். மூன்று வேளையும் சோறு கிடைக்கும் என்றார்கள். அது உண்மைதான், நான் சமைத்தால்.

அது வருஷத்தின் கடைசி நடை. ஆனி பிறந்தால் தோணியைக் கரையேற்றிவிடுவார்கள். அப்போதுதான் பலகை இடுக்கில் பழைய பஞ்சை எடுத்துவிட்டுப் புதுப் பஞ்சு அடைத்துக் குங்கிலியம் பூசுவார்கள். அதற்குக் கலப்பத்து என்று பெயர். கடைசி நடையில் அந்தப் பழைய பஞ்சை நம்பித்தான் போக வேண்டும். அந்த வருஷம் கச்சான் காற்று, அதாவது தென்மேற்குக் காற்று, முன்கூட்டியே எழுந்துவிட்டது. கரையில் மணப்பாட்டுக் குன்று கண்ணுக்கு மறைந்து வெகுதூரம் போனபிறகு, தென்மேற்கிலிருந்து அலை புரண்டு வர, தோணியின் அடியில் ஒரு பலகை இடுக்கு வாயைத் திறந்தது.

தோணியை ஓட்டும் தலைவரைத் தண்டல் என்போம். அவர் உள்ளே இறங்கிப் பார்த்துவிட்டு ஏறி வந்தபோது இடுப்புவரை நனைந்திருந்தார். "திருப்புலே" என்று மட்டும் சொன்னார். பாயை மாற்றித் தூத்துக்குடிப் பக்கம் திருப்பினோம். கைப்பம்பை ஆள் மாற்றி ஆள் அடித்தோம். செங்கலையும் வெங்காய மூட்டையையும் கடலில் தள்ளினோம். அப்படியும் தண்ணீர் பைய பைய ஏறிக்கொண்டுதான் இருந்தது. உள்ளங்கைத் தோல் உரிந்து பம்புக் கட்டையில் ஒட்டியது. அதுகூடப் பெரிதாகத் தெரியவில்லை. எனக்கு நீச்சல் தாமிரபரணியில் நீந்துகிற அளவுக்குத்தான் தெரியும்.

விடிந்து வெயில் ஏறியபோது சுக்கான் பிடித்திருந்தவர் கத்தினார். "அண்ணாச்சி, அங்கன பாரும்! நேவிக்காரன் வருதான்!"

சாம்பல் நிறத்தில் ஒரு பெரிய கப்பல் நேராக எங்களை நோக்கி வந்தது. அந்தக் காலத்தில் கடலில் சாம்பல் நிறத்தைக் கண்டாலே எங்களுக்குப் பயம்தான். இலங்கையில் சண்டை நடந்த வருஷங்கள். கடற்படைக் கப்பல் நெருங்கினால் கையில் எது இருந்தாலும் போட்டுவிட்டு, எல்லோரும் மேலே வரிசையாக நின்று இரண்டு கையையும் தூக்க வேண்டும். தோணிக்காரன் எவனுக்கும் முதல் நாளே சொல்லிக்கொடுப்பது இதுதான். அதையே செய்தோம். மூழ்குகிற தோணியில், பம்பை விட்டுவிட்டு, எட்டுப் பேரும் கையைத் தூக்கிக்கொண்டு நின்றோம்! கீழே தண்ணீர் களக் களக் என்று ஏறுகிற சத்தம் கேட்டது. ஒருவரும் அசையவில்லை.

கப்பல் வேகம் குறைந்து நின்றது. பீரங்கி எதையும் காணோம். பளு தூக்கும் கம்பங்கள்தான் இருந்தன. புகைக்கூண்டில் ஒரு நீலப் பட்டை. கொடியும் நீலம், அதன் மூலையில் வெள்ளைக் கட்டத்துக்குள் பெருக்கல் குறி. முகப்பில் எழுதியிருந்தது இங்கிலீஷ் எழுத்தைத் திருப்பிப் போட்ட மாதிரி இருந்தது. கம்பியோரம் நின்ற வெள்ளைக்காரர்கள் எங்களையே பார்த்தார்கள். அவர்களில் ஒருவர் என்ன நினைத்தாரோ, தானும் இரண்டு கையையும் உயரத் தூக்கி, விரலை விரித்துக் காட்டினார். என் கையிலும் ஒன்றுமில்லை என்கிற மாதிரி. பிறகு பம்பு அடிப்பதுபோல் சைகை காட்டி எங்களை அதட்டினார். அப்போதுதான் எங்களுக்கு மூச்சே வந்தது. ஓடிப்போய்ப் பம்பைப் பிடித்தேன்.

ஒரு படகு இறக்கினார்கள். அதில் வந்த அதிகாரி தோணிக்குள் எட்டிப் பார்த்தார். உதட்டைப் பிதுக்கினார். எங்களைக் காட்டி, தன் கப்பலைக் காட்டினார். எல்லோரும் ஏறிவிடுங்கள் என்று அர்த்தம். எங்களில் இரண்டு பேர் உடனே படகில் குதித்தார்கள். அவர்களுக்குப் பிள்ளைகுட்டி இருந்தது. யாரும் குறை சொல்லவில்லை.

தண்டல் பாய்மரத்தைப் பிடித்துக்கொண்டு நின்றார். "நீங்க போங்கலே. நான் வரல."

"நீரு வரலன்னா எங்களுக்கு அங்கன என்னவே சோலி?" என்று சுக்கான்காரர் எரிந்து விழுந்தார்.

"அதான் சொல்லுதேன்லா, போங்கன்னு! நான் ஆணி அடிச்ச தோணி. விட்டுட்டு வர மாட்டேன்."

அந்தத் தோணியைக் கட்டும்போது சுத்தியல் பிடித்தவர்களில் அவரும் ஒருவர். அதிகாரிக்கு ஒரு வார்த்தையும் புரிந்திருக்காது. ஆனால் மரத்தை அணைத்திருந்த அந்தக் கையைக் கொஞ்ச நேரம் பார்த்தார். பிறகு படகைத் திருப்பிக்கொண்டு போய்விட்டார்.

படகு போயிற்று. கொஞ்ச நேரத்தில் கப்பலும் நகர ஆரம்பித்தது. "போயிட்டாம்லே. நம்ம கத முடிஞ்சுது" என்று யாரோ சொன்னார்கள். "மாதாவே" என்று ஒரு குரல். நான் பம்பை நிறுத்தவில்லை. நிறுத்தினால் யோசிக்க வேண்டியிருக்கும்.

கப்பல் எங்களை ஒரு சுற்றுச் சுற்றியது. தென்மேற்குப் பக்கமாக வந்து, குறுக்கே நின்றது. அவ்வளவுதான், காற்று நின்றுபோனது. தாமிரபரணி அணைக்கட்டுக்குள் தண்ணீர் நிற்பதுபோல், எங்களைச் சுற்றிக் கடல் அடங்கியது. அவ்வளவு பெரிய கப்பலைக் காற்றுக்கும் எங்களுக்கும் நடுவில் சுவராக நிறுத்திவிட்டார்கள். இன்றைக்கும் அதை நினைத்தால் புல்லரிக்கிறது.

படகு திரும்பி வந்தது. ஒரு இன்ஜின் பம்பு, மடித்த கெட்டிக் கித்தான், கயிறுகள். கித்தானின் நாலு மூலையிலும் கயிறு கட்டி, தோணிக்கு அடியில் விட்டு, இரண்டு பக்கமும் நின்று இழுத்தோம். அவர்கள் ஒரு பக்கம், நாங்கள் ஒரு பக்கம். இழுக்கும்போது போடும் சத்தம் மட்டும் இரண்டு பாஷையிலும் ஒன்றாகவே இருந்தது. ஓட்டைக்கு நேராகக் கித்தான் வந்ததும் கடலே அதை அழுத்திப் பிடித்துக்கொண்டது. இன்ஜின் பம்பு தண்ணீரைத் துப்பத் துப்ப, அடிப்பலகை வெளியே தெரிந்தது. தண்டல் உள்ளே படுத்து, பஞ்சைத் திரித்து இடுக்கில் வைத்துச் சுத்தியலால் அடித்தார். பக்கத்திலேயே முழங்கால் தண்ணீரில் உட்கார்ந்து கப்பல்காரர் ஒருவர் டார்ச் பிடித்தார். அடி ஒவ்வொன்றுக்கும் தலையை ஆட்டினார். சிரித்தபோது அவர் முன்பல் எல்லாம் இரும்பு.

"ஏலே பண்டாரி, பாத்தியா?" என்றார் சுக்கான்காரர். "கப்பல் கட்டி மிஞ்சின தகட்ட வாயில மாட்டியிருக்கான்." காலையிலிருந்து முதல்முதலாக அப்போதுதான் சிரித்தோம். எதற்கென்று தெரியாமலே அவரும் சேர்ந்து சிரித்தார்.

வேலை முடிந்ததும் தண்டல் மேல்தட்டில் மிச்சமிருந்த வாழைத்தார்களைப் படகில் ஏற்றச் சொன்னார். அவர்கள் வேண்டாம் என்று கையை ஆட்டினார்கள். ஆனால் கண் தாரைவிட்டு விலகவில்லை. பசியில் இருக்கிறவனை எனக்குப் பார்த்தாலே தெரியும். நானே அப்படி நிறைய நாள் இருந்திருக்கிறேன். சட்டைகளில் ஒட்டுப் போட்டிருந்தது. கன்னம் ஒட்டியிருந்தது. ஏற்றிவிட்டோம். படகு கப்பலுக்குப் போய்ச் சேர்வதற்குள்ளேயே தோல் கடலில் விழுந்துகொண்டே போனது. கொஞ்ச நேரத்தில் எங்கள் ஆட்கள் இரண்டு பேரையும் கொண்டுவந்து விட்டார்கள். கூடவே ஒரு கறுத்த ரொட்டியும் கொடுத்தார்கள். புளிப்பாக, கனமாக இருந்தது. ரசத்தில் தொட்டுத் தின்றோம்.

அதன் பிறகும் அவர்கள் போகவில்லை. எங்கள் நடைக்கு அவ்வளவு பெரிய கப்பல் ஊர்ந்துகொண்டே கூட வந்தது. பிற்பகலில் மணப்பாட்டுக் குன்றின் மேல் கோயில் வெள்ளையாகத் தெரிந்தது. கப்பல் ஒருமுறை நீளமாக ஊதிவிட்டுத் தெற்கே திரும்பியது. தண்டல் தலைத்துண்டை எடுத்துக் கையில் வைத்துக்கொண்டு, அது மறையும்வரை நின்றார்.

துறைமுகத்தில் கப்பல் ஏஜென்சியில் வேலை பார்த்த ஓர் அண்ணாச்சி, நாங்கள் சொன்ன கொடியை வைத்து விஷயத்தைச் சொன்னார். அது ரஷ்யக் கடற்படைக்குச் சாமான் ஏற்றும் கப்பல். சண்டைக் கப்பல்களுக்கு எண்ணெயும் உணவும் கொண்டுபோய்க் கொடுக்கிற வேலை. "நாடே துண்டு துண்டாப் போச்சுல்லா. இப்போ அவனுவளுக்கே சோத்துக்கு இழுபறிவே" என்றார். தன் வயிற்றைக் கட்டிக்கொண்டு மற்ற கப்பலுக்கெல்லாம் சோறு சுமக்கிறவர்கள். பண்டாரியான எனக்கு அதைவிடப் பெரிய உத்தியோகம் உலகத்தில் இருப்பதாகத் தோன்றவில்லை.

தோணி வேலையை விட்டு ஏரலுக்கு வந்தபிறகு, ஓர் ஐப்பசியில் ஆற்றில் வெள்ளம் வந்தது. கரையோரக் குடிசைக்குள் ஓர் அம்மா ஆடுகளைக் கட்டிப்பிடித்துக்கொண்டு வெளியே வரமாட்டேன் என்றார். மேட்டில் நின்றவர்கள் திட்டினார்கள். "ஆட்ட விட்டுட்டு வா, மூதி! உசிரு பெருசா ஆடு பெருசா?" நான் கயிற்றை இடுப்பில் கட்டிக்கொண்டு இறங்கி, முதலில் ஆட்டை வாங்கித் தோளில் போட்டேன். கடைசி ஆடு மேடேறியதும் அவர் தானாகவே என் கையைப் பிடித்துக்கொண்டு வந்தார்.

ஒருவர் எதை விட்டுவிட்டு வரமாட்டேன் என்று நிற்கிறாரோ அதையும் சேர்த்துத்தான் அவரைக் காப்பாற்ற வேண்டும் என்பதை, பெயரும் பாஷையும் தெரியாத அந்தப் பட்டினிக் கப்பல்காரர்களிடம்தான் கற்றேன். அதைவிட நல்ல படிப்பு எனக்கு எங்கேயும் கிடைக்கவில்லை.