துரையின் தொப்பியைத் தின்ற யானை

இன்று பேராதனை பஸ்ஸில் ஒரு மாணவி தோழியிடம், "'பித்'துன்னா (pith) செடித் தண்டுக்குள்ள மெத்துன்னு இருக்கிற நெட்டி. பழைய இங்கிலீஷ் சொல்லு. பலம்னும் அர்த்தம்" என்றாள்.

விடுவேனா?

"மகள், அந்தப் பலத்தைச் சேர்த்ததே எங்க தாத்தாதான்! முப்பதுகள்ல வெள்ளைக்காரத் துரையோட தொப்பிக்கு அவர்தான் பொறுப்பு. நெட்டித் தொப்பி. கண்டிப் பெரஹரா ஊர்வலத்தில துரை மரியாதையா அதைக் கழற்றினார். புனிதப் பேழை சுமந்து வந்த யானை காணிக்கைன்னு நினைச்சுத் தின்னுட்டுது. 'உனக்கு வேலை இல்லை!'ன்னு துரை தாத்தாவைப் பார்த்துக் கத்தினார்."

"ஐயோ, அப்புறம்?"

"'உங்க பலம் இப்ப யானைக்குள்ள, ஐயா. கண்டியே கும்பிடுது பாருங்க'ன்னார் தாத்தா. வேலையும் தப்பிச்சது, இங்கிலீஷும் வளர்ந்தது."

"தொப்பிக்கு மேல துணி இருக்குமே, அங்கிள்?"

"அது மறுநாள் இலத்தியோட வந்துச்சு. மடிப்புக் கலையல."

நம்பாதவங்க யானையைக் கேளுங்க. மற்றவங்க, உங்க தாத்தா இங்கிலீஷுக்குக் கொடுத்த அர்த்தத்தைக் கீழே எழுதுங்க.