புஹாரி நானா பல் கடித்த பகல்கள்

அப்புத்தளை ஸ்டேஷனுக்குக் கீழே உள்ள கடை வரிசையில் புஹாரி நானாவின் வீட்டுக்கும் எங்கள் வீட்டுக்கும் நடுவே ஒரு பலகைச் சுவர்தான் இருந்தது. அந்தப் பக்கம் கோப்பையைக் கீழே வைத்தால் இந்தப் பக்கம் கேட்கும். நானாவும் அவர் மனைவி ஸைனப் ராத்தாவும் சண்டை பிடித்ததும் எனக்குத் தெரியும், சமாதானமானதும் தெரியும். பிறகு அந்தச் சுவர் வழியாக வந்த இன்னொரு சத்தத்தையும் நான் என் காதால் கேட்டேன். கேட்டபடியால்தான் எழுதுகிறேன். கேட்காத ஒருவர் எழுதினால் கதை கட்டுகிறார் என்பார்கள்.

நானா படையில் சமையற்காரராக இருந்தவர். துவக்குப் பிடித்ததை விட அகப்பை பிடித்ததுதான் அதிகம். தொண்ணூற்று நான்கில் ஓய்வு பெற்று வந்து, வீட்டின் முன்பக்கத்திலேயே ஒரு சாப்பாட்டுக் கடை போட்டார். படையிலிருந்து ஓய்வு பெற்றவர்களுக்கென்று பல் காப்புறுதி ஒன்று இருந்தது. பென்சனில் மாதாமாதம் கொஞ்சம் பிடிப்பார்கள். அவருக்கும் மனைவிக்கும், பதினெட்டு வயது வரைக்கும் பிள்ளைகளுக்கும் பல் வைத்தியச் செலவை அது பார்த்துக்கொள்ளும். அந்தக் கார்டை நானா பெருமையாகக் கல்லாப் பெட்டிக்கு மேலே குத்தி வைத்திருந்தார்.

தேயிலைத் தோட்டத்திலிருந்து சாப்பிட வரும் மாடசாமி அண்ணன் அதைப் பார்த்துக் கேலி செய்வார்.

"என்னங்க நானா, பல்லுக்குமா காசு குடுக்குறாங்க?"

"என்ட பல்லுக்கு மட்டுமில்ல மாடசாமி, பொஞ்சாதிட பல்லுக்கும், புள்ளட பல்லுக்கும்."

"எங்க தொரைக்கிட்ட நான் போயி கேட்டா, இருக்கிற பல்லையும் தட்டிருவாரு."

"அப்ப என்னோட பட்டாளத்துக்கு வந்தீக்கலாமே. வெங்காயம் உரிக்கத் தெரிஞ்சா போதும்."

நானா சிரித்தால் பல் வரிசை முழுவதும் தெரியும். அத்தனை நல்ல பல். காப்புறுதியை அவருக்காகப் பயன்படுத்தியதே இல்லை. பயன்படுத்தியதெல்லாம் மகன் இன்பாஸுக்காகத்தான்.

இன்பாஸ் சின்ன வயதிலிருந்தே தூக்கத்தில் பல் கடிப்பான். மூன்று தரம் சின்னதாக அரைப்பான், பிறகு ஒரு நீளமான அரைப்பு, கடைசியில் 'டக்' என்று ஒன்று. பலகைக்கு இந்தப் பக்கம் படுத்திருக்கும் எனக்கு அது பாடமாகிவிட்டது. நானா அவனைப் பதுளைக்குக் கூட்டிப்போய், காப்புறுதிப் பட்டியலில் இருந்த பல் டொக்டர் ஜெயரட்ணத்திடம் காட்டினார். இடப்பக்க மேல் வேட்டைப்பல் சாய்வாகத் தேய்ந்திருக்கிறது, வளர வளரச் சரியாகும் என்று டொக்டர் சொன்னாராம்.

பதினெட்டு முடிந்ததும் கார்டிலிருந்து அவன் பெயரை எடுத்துவிட்டார்கள். அடுத்த மாதமே அவன் படையில் சேர்ந்தான். "வாப்பாட கார்ட்ல என்ட பேர வெட்டிட்டாங்க. நானே ஒண்டு எடுக்கப் போறேன்" என்று என்னிடம் சிரித்தபடி சொல்லிவிட்டுப் போனான்.

இரண்டாயிரமாம் ஆண்டு சண்டை முனையிலிருந்து இன்பாஸின் பெட்டி வந்தது. சீல் வைத்த பெட்டி. திறக்கக் கூடாது என்று கூட வந்தவர்கள் சொன்னார்கள். முகம் பார்க்கவில்லை, குளிப்பாட்டவில்லை. பெட்டியோடு தொழுது பெட்டியோடு அடக்கினார்கள். ராத்தா அழவில்லை. "யார்ட மவனோ" என்று மட்டும் சொன்னார்.

மூன்றாம் நாளும் நாற்பதாம் நாளும் ராத்தா வீட்டில் ஓத விடவில்லை. "உசிரோட ஈக்கிறவனுக்கு யாராவது யாஸீன் ஓதுவாங்களா?" என்று வந்தவர்களைத் திருப்பி அனுப்பினார்.

நானாவுக்குப் பகல் தூக்கம் பழக்கமில்லை. படைக்காரர்கள் பகலில் படுக்கமாட்டார்கள் என்பார். அவர் நடுப்பகல் ளுஹர் தொழுகையை முடித்துவிட்டுப் படுக்க ஆரம்பித்தது மகனை அடக்கிய பிறகுதான். அந்த நேரத்தில்தான் பள்ளத்திலிருந்து மூடுபனி ஏறி வந்து எங்கள் வாசல்களில் நிற்கும். எதிர்க்கடை தெரியாது. ரயில் கூவுவதுகூடத் தண்ணீருக்குள்ளிருந்து வருவது போல இருக்கும்.

அப்படி ஒரு பகலில் நான் அரிசி புடைத்துக்கொண்டிருந்தேன். சுவருக்கு அப்பால் மூன்று தரம் சின்னதாக அரைந்தது. பிறகு நீளமாக. பிறகு 'டக்'.

கையிலிருந்த சுளகு அப்படியே நின்றுவிட்டது. தொழுகையில் ஓதுவதெல்லாம் மறந்து, பிஸ்மி மட்டும் வாயில் வந்தது. பழைய ஞாபகம்தான் காதில் விழுந்தது என்று என்னைத் தேற்றிக்கொண்டேன். மறுநாளும் அதே நேரம் அதே சத்தம். எழுந்து போய்ப் பார்த்தேன்.

நானா மல்லாந்து தூங்கிக்கொண்டிருந்தார். அவருடைய தாடைதான் அசைந்தது. கட்டிலுக்குப் பக்கத்தில் முக்காடு போட்டு உட்கார்ந்திருந்த ராத்தா உதட்டில் விரலை வைத்தார்.

"மெதுவா வா ஹம்ஸியா. இன்பாஸ் வந்தீக்கிறான்."

அவர் முகத்தில் பெருநாள் காலை போல ஒரு வெளிச்சம். நான் நிலைப்படியைத் தாண்டவில்லை.

அதன் பிறகு பகல்களில் அவர் பேசுவது கேட்கும். "குளிருதா மவன்?" என்பார். அரைப்பு. "சாப்பிட்டியா?" அரைப்பு. ராத்தா மெல்லச் சிரிப்பார். கடைசியில் எப்போதும் ஒன்றைக் கேட்பார்: "அந்தப் பெட்டியில ஈந்தது நீ இல்லதானே?" அந்தக் கேள்விக்கு மட்டும் சத்தம் நின்றுவிடும். எத்தனை நாள் கேட்டாலும் நின்றுவிடும்.

"ராத்தா, மௌத்தானவங்களோட பேசுறது நமக்கு ஆகாது" என்று சொல்லிப் பார்த்தேன்.

"மௌத்தானவன் எண்டு ஒனக்கு யார் சொன்ன? பெட்டியத் தொறந்து பாத்தியா?"



வருஷம் திரும்புவதற்குள் நானா மெலிந்துவிட்டார். ஒரு பக்கத்தால் மட்டும் மெல்லுவார். பாண் துண்டைத் தேத்தண்ணியில் ஊறவைத்து விழுங்குவார். ஒருநாள் மாடசாமி அண்ணன், "என்ன நானா, அந்தக் கார்டு சும்மாதானே தொங்குது? போயி காட்டுங்க" என்று சத்தம் போட்டார். நானா, ராத்தா, நான் மூன்று பேரும் பதுளைக்குப் போனோம்.

டொக்டர் நோவுக்கு மருந்து வைத்தார். பல் கடிக்கிறவர்களுக்குத் தூங்கும்போது மாட்டிக்கொள்ள ஒரு தகடு உண்டு. கடிக்கிறவருக்குத் தான் கடிப்பது தெரியாது என்பதால், கூடப் படுக்கிறவர் வந்து சொன்னால்தான் காப்புறுதி அதற்குக் காசு கொடுக்கும். திரைக்கு வெளியே வாங்கில் உட்கார்ந்திருந்த எனக்கு அவர்கள் பேசியது கேட்டது.

"அம்மா, இவர் நித்திரையில பல்லுக் கடிக்கிறவரோ?"

"இல்ல டொக்டர்."

"வடிவா யோசிச்சுச் சொல்லுங்கோ. நீங்கள் சொன்னால்தான் நான் எழுதலாம்."

"நான் ஒரு நாளும் கேட்டதில்ல."

பொய் பேசி அறியாத மனுசி அவர். கல்லாவில் ஒரு சதம் கூடுதலாக விழுந்தாலும் கூப்பிட்டுக் கொடுப்பவர். திரும்பி வரும் பஸ்ஸில் ஜன்னல் பக்கம் முகத்தைத் திருப்பிக்கொண்டு என்னிடம் சொன்னார்: "தகடு போட்டா, அவன்ட வாயப் பொத்தின மாதிரித்தானே ஹம்ஸியா."

முன் சீட்டில் இருந்த நானா திரும்பிப் பார்க்கவில்லை.

அடுத்த மழைக்காலத்தில் நானாவின் கன்னம் வீங்கிக் கண் மூடிவிட்டது. காய்ச்சல் நெருப்பாகக் கொதித்தது. கடையைப் பூட்டிவிட்டு மறுபடி போனோம். இந்த முறை நானும் திரைக்குள் நின்று நானாவைத் தாங்கிக்கொண்டேன்.

டொக்டர் வெகுநேரம் வாய்க்குள் பார்த்தார். சின்னக் கண்ணாடியைத் துடைத்துத் துடைத்துப் பார்த்தார். பிறகு கதிரையைப் பின்னுக்குத் தள்ளினார்.

"அம்மா, முதல் தரம் நீங்கள் இல்லையெண்டு சொன்னனீங்கள். இது கடிச்சுக் கடிச்சு வேர் மட்டும் வெடிச்ச பல்லு."

"கடிக்கிற இவரில்ல டொக்டர்."

"அப்ப ஆர்?"

"எங்கட மவன்."

டொக்டர் திடுக்கிட்டதாகத் தெரியவில்லை. அதுதான் எனக்குப் பயமாக இருந்தது. அவர் நானாவின் இடப்பக்க மேல் வேட்டைப்பல்லைத் தொட்டார்.

"இவரின்ர இந்தப் பல் கீழ்ப்பல்லோட முட்டாது. வாயின்ர அமைப்பு அப்பிடி. ஆனா சாய்வாத் தேஞ்சு கிடக்கு. இப்பிடித் தேஞ்ச பல்லை நான் ஒருக்காத்தான் பாத்திருக்கிறன். உங்கட பெடியன்ர..." என்றவர் அங்கேயே நிறுத்தினார். எழுந்து போய்க் கையைக் கழுவினார். குழாய் நெடுநேரம் ஓடிக்கொண்டிருந்தது.

வந்து உட்கார்ந்து சாதாரணக் குரலில் பேசினார். மேலும் கீழும் எல்லாப் பல்லையும் எடுக்க வேண்டும், விட்டால் சீழ் இரத்தத்தில் ஏறிவிடும், ஆளுக்கே ஆபத்து என்றார். பிடுங்குவதையும் பல் செட்டையும் காப்புறுதி பார்க்கும் என்றார்.

ராத்தா நானா இருந்த கதிரையின் கையைப் பிடித்துக்கொண்டார். எல்லாப் பல்லும் போனால் மகன் எதனால் பேசுவான்? அவர் வாய் திறக்காவிட்டாலும் எனக்கு அது விளங்கியது.

நானாதான் வீங்கிய வாயால் பேசினார். "ஈக்கட்டும் டொக்டர். நோவு எனக்குத்தானே. மருந்து மட்டும் தாங்க."

"என்ன பேசுறீங்க நீங்க?" என்றார் ராத்தா.

"அவன் வந்து போற வழிய அடைக்க வாணாம் ஸைனப்."

"ஒங்களுக்குத் தெரியுமா?"

"தெரியாமயா ஒவ்வொரு நாளும் கடைய மூடிட்டுப் படுத்தேன்? எனக்குப் பகல்ல தூக்கம் வாறதா? கண்ண மூடிக்கொண்டு கெடப்பேன். நீ வந்து ஒக்காருவ. அதுக்குப் பொறகு எப்ப தூக்கம் வருதெண்டு எனக்கே தெரியா."

ராத்தா அவரையே பார்த்தார். அந்த ஒட்டிப்போன கழுத்து, சீழ் நாறும் வாய், நடுங்கும் கை. பெட்டி வந்த நாளில் வராத அழுகை அன்று டொக்டரின் முன்னால் வந்தது. முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டு சொன்னார்:

"எடுங்க டொக்டர். எல்லாத்தையும் எடுங்க."

ஒரே நாளில் எடுக்க முடியவில்லை. காய்ச்சல் இறங்க இறங்கக் கொஞ்சம் கொஞ்சமாக எடுத்தார்கள். ஒவ்வொரு தரம் பதுளைக்குப் போய் வந்த பிறகும் பகல் சத்தம் குறைந்துகொண்டே வந்தது. முதலில் அந்த நீளமான அரைப்பு போனது. பிறகு சின்னவை ஒவ்வொன்றாகப் போயின. வெறும் 'டக்' மட்டும் சில நாள் வந்தது, இருட்டில் கதவு தேடுகிறவனைப் போல. பிறகு அதுவும் நின்றது.

ராத்தா பகலில் கட்டிலருகே உட்காருவதை விடவில்லை. ஆனால் கேள்வி கேட்கும் குரல் மட்டும் வரவில்லை.

பல் செட் வந்த வாரம் அவர் பலகையைத் தட்டினார். "ஹம்ஸியா, வுளூச் செஞ்சிட்டு வா. யாஸீன் ஓதணும்."

"யாருக்கு ராத்தா?"

"இன்பாஸுக்கு."

கை, முகம், கால் கழுவிக்கொண்டு போனேன். ஊதுபத்தி வைத்திருந்தார். வாசலில் பனி நின்றது. நானா கட்டிலில் கன்னம் ஒடுங்கித் தூங்கிக்கொண்டிருந்தார். பல் செட் ஜன்னல் விளிம்பில் ஒரு கோப்பைத் தண்ணீரில் கிடந்தது. நாங்கள் இரண்டு பேரும் தரையில் உட்கார்ந்து ஒரே குர்ஆனைப் பிரித்தோம். ராத்தா வரியில் விரல் வைத்து ஓதினார், நானும் கூட ஓதினேன்.

பாதிக்கு வந்திருப்போம். மூன்று தரம் சின்னதாக அரைந்தது. பிறகு நீளமாக.

நானாவின் வாய் மூடியிருந்தது. தாடை அசையவில்லை. கோப்பையில் தண்ணீர் ஆடவில்லை. சத்தம் எங்கிருந்து வந்தது என்று நான் தேடவில்லை. என் கண்ணை எழுத்திலிருந்து எடுக்க எனக்குத் தைரியம் இல்லை. ராத்தாவுக்கும் கேட்டது. வரியில் ஓடிக்கொண்டிருந்த அவர் விரல் நின்றுவிட்டது.  அவர் திரும்பிக் கட்டிலைப் பார்ப்பார், "குளிருதா மவன்?" என்று கேட்பார் என்று நினைத்தேன்.

அவர் மூச்சை இழுத்து விட்டார். விரலை அடுத்த வரிக்கு நகர்த்தினார். அந்தச் சத்தத்தை விட உரக்க, கடைசி ஆயத் வரைக்கும் ஓதினார்.