கொங்காணிக்குள் கேட்ட மழை

சினிமாவில் முகத்தை ஞாபகம் வைத்துக்கொள்பவர்கள் உண்டு. சத்தத்தை யார் ஞாபகம் வைக்கிறார்கள்? வண்டன்மேட்டு ஏலக்காய்த் தோட்டத் தொழிலாளி கத்தரீனாளின் மகள் சிஞ்சு, கொச்சி ஸ்டுடியோவில் பதினோரு வருடம் அடுத்தவர் படங்களுக்குக் கதவுச் சத்தமும் செருப்புச் சத்தமும் வெட்டி ஒட்டினாள். பெயர் போடும்போது அவள் பெயர் பத்தோடு பதினொன்றாக ஓடிவிடும். இப்போதுதான் முதன்முதலாக ஒரு படத்தின் மொத்தச் சத்தமும் அவள் பொறுப்புக்கு வந்தது. பெயரும் தனியாக வரும்.

ஏலத்தோட்டத்துக் கதை அது. கொட்டும் மழையில் காய் எடுத்துக்கொண்டிருப்பவளுக்குப் புருஷன் செத்த செய்தி வருகிறது. தலையிலிருந்து முதுகுவரை மூடிய பிளாஸ்டிக் கொங்காணியை இழுத்தெறிந்துவிட்டு ஓடுகிறாள். அந்த மழைக்காக சிஞ்சு அம்மா வேலை செய்யும் தோட்டத்துக்கே போனாள். தானும் ஒரு கொங்காணியைப் போட்டு, மைக்கையும் அதற்குள் வைத்துக்கொண்டு பதிந்து வந்தாள்.

ஸ்டுடியோவில் அதைக் கேட்ட வாளையார்க்காரரான டைரக்டர் பிரதீப் ஹெட்போனைக் கழற்றினார்.

“ஏனுங்க சிஞ்சு, இது மழைங்களா, பொரி வறுக்கறதுங்களா?”

“மழைதான் சார். எங்க ஊரு மழை.”

“உங்க ஊர்ல பிளாஸ்டிக்கு மேலதான் பெய்யுமுங்களா? வெள்ளிக்கிழம வரைக்கும் பாக்கறனுங்க. சரியா வரலீன்னா வேற ஆளத்தான் பாக்கோணும்.”

அப்போதுதான் அவளுக்கு உறைத்தது. நினைவு தெரிந்த நாள்முதல் தோட்டத்து மழையைக் கொங்காணிக்குள்ளிருந்தே கேட்டிருக்கிறாள். அதுதான் மழை என்றும் நம்பியிருக்கிறாள். தோட்டத்துப் பிள்ளையைத் தவிர வேறு யாருக்கு இந்தத் தப்பு வரும்? ஆனாலும் அதைப் பொய்ச் சத்தம் என்று ஒப்புக்கொள்ள மனம் வரவில்லை. வராததும் நல்லதுதான்.

மறுநாளே ஊருக்குப் பஸ் ஏறினாள். மைக்குக்கு மட்டும் உறை மாட்டிவிட்டு, வெறுந்தலையோடு ஏலச்செடிகளுக்கு நடுவே நின்றாள்.

“ஏட்டி, கிறுக்கு புடிச்சிருக்கா? கொங்காணியப் போடு,” என்றாள் கத்தரீனாள்.

“இன்னைக்கு வேண்டாம்மா.”

“நனையதுக்குத்தான் கொச்சியில போயி பதினோரு வருசம் இருந்தியாக்கும்.”

நிழல்மரங்களில் விழுந்த மழை அங்கே கொஞ்சம் தங்கி, ஏல இலைகள்மேல் இரண்டாம் முறையாகப் பெய்தது. எங்கேயோ தொடங்கி எங்கேயோ போகிற சத்தம். அதில் ஒதுங்கி நிற்க ஓர் இடம்கூட இல்லை.

வெள்ளிக்கிழமை இரண்டு மழையையும் சேர்த்துப் போட்டுக் காட்டினாள். காய் எடுக்கும்வரை காதோரம் படபடவென்று கொங்காணி மழை. படத்தில் வருபவள் அதை இழுத்தெறிந்த நொடியில் அந்தப் படபடப்பு அறுந்து, காடு முழுக்கப் பெய்தது.

பிரதீப் இன்னொரு முறை போடச் சொன்னார். கேட்டு முடித்து ஹெட்போனைக் கழற்றினார்.

“பொரி இருக்கட்டுங்க,” என்றார்.

படம் வெளிவந்து, அம்மாவோடு போன கட்டப்பனைத் தியேட்டரில் சிஞ்சு திரையைப் பார்க்கவே இல்லை, அம்மாவைத்தான் பார்த்தாள். மழை தொடங்கியதும் கத்தரீனாளின் கை தானாகப் போய் முந்தானையைத் தலைக்கு இழுத்தது. படம் முடிந்து சிஞ்சுவின் பெயர் தனியாக வந்தபோது அம்மா கவனிக்கவில்லை. குனிந்து, காய்ந்த முந்தானையைப் பிழிந்துகொண்டிருந்தாள்.