குழாயடி மஞ்சள் கரிசலாங்கண்ணி

அந்தச் செடியைப் பழங்காநத்தத்துக்குக் கொண்டுவந்தவர் என் கணவர். சோழவந்தான் பக்கம் அவருடைய அக்காள் வீட்டு வயல் வரப்பில், வாய்க்கால் ஈரத்தில் அது தானாகப் படர்ந்து கிடக்கும். சொரசொரப்பான நீள இலை, சட்டைப் பொத்தான் அளவுக்கு மஞ்சள் பூ. யாரும் விதைப்பதில்லை. ஆடு கடித்தாலும் ஆள் மிதித்தாலும் மறுபடி தழைத்துவிடும். மஞ்சள் கரிசலாங்கண்ணி என்று அங்கே சின்னப் பிள்ளைக்கும் தெரியும்.

அவருக்கு ஒருமுறை மஞ்சள் காமாலை வந்தது. டாக்டர் பார்த்தார், ரத்தம் எடுத்தார், இது கிருமியால் வந்தது, ஓய்வும் சாப்பாடும் சரியாக இருந்தால் தானாகவே போய்விடும் என்றார். ஆபீஸுக்கு லீவு போட்டுவிட்டுக் கஞ்சி காய்ச்சியது நான். இடையில் நாத்தனார் ஒருநாள் வந்து இந்த இலையை அரைத்து மோரில் கலந்து கொடுத்துவிட்டுப் போனார். மனிதர் தேறினார். பெருமை முழுக்க இலைக்குப் போனது. கஞ்சியைப் பற்றி இன்றுவரை ஒரு பேச்சு இல்லை.

பாதியாக அறுத்த பிளாஸ்டிக் டிரம்மில் மண் நிரப்பி, குழாயடியில் செடியை வைத்தார். அதோடு விட்டிருக்கலாம். தன் ஸ்பேர் பார்ட்ஸ் கடைக்கு வருகிறவர்களிடமெல்லாம் சொன்னார். மறுவாரம் முதல் வாசல் மணி ஓயவில்லை. நான் பல் விளக்கிக்கொண்டிருக்கும்போது ஒருவர், சாமி விளக்கு ஏற்றும்போது ஒருவர். காமாலைக்கு வந்தவர்கள் கொஞ்சம்தான். முடி கொட்டுகிறது, கண் மங்குகிறது, எண்ணெய் காய்ச்ச வேண்டும் என்று வந்தவர்களே அதிகம். ஒரு பெண் வேரோடு பிடுங்கிவிட்டு, "இம்புட்டுத்தான் இருக்கா?" என்று என்னையே கேட்டாள். "ஊருக்கு உதவுறதுல உனக்கு என்ன நட்டம்?" என்றார் கணவர். மணி அடித்தால் எழுந்து போகிறவர் அவர் இல்லையே.

அப்படி ஒரு ஞாயிற்றுக்கிழமை எதிர்வீட்டு அக்கா வந்தார். அவர் கணவர் லாரி ஓட்டி ஓய்ந்தவர். நான் அண்ணே என்றுதான் கூப்பிடுவேன்.

"தாயி, அண்ணனுக்குக் கண்ணு மஞ்சளா இருக்கு. ஒரு கை இலை பறிச்சுக்கிறேன்."

"டாக்டர்கிட்டக் காட்டினீங்களாக்கா?"

"அவரு வர மாட்டேங்குறாரு. உன் வீட்டுக்காரருக்கே இதுலதான சரியாச்சு?"

எதிர்வீட்டுக்குப் போய்ப் பார்த்தேன். கண் மட்டும் இல்லை, ஆளே மஞ்சளாக இருந்தார். வலது விலாவுக்குக் கீழே கையை அழுத்திக்கொண்டு குறுகி உட்கார்ந்திருந்தார். என் கணவருக்கு இப்படி வலி வந்ததே இல்லை. "அண்ணே, ஆஸ்பத்திரிக்குப் போயிட்டு வாங்க, டிரம்மையே தூக்கித் தாரேன்" என்றேன்.

"ஒரு இலைக்கு இம்புட்டுக் கிராக்கியா?" என்று அக்கா தெருவே கேட்கிற மாதிரி கத்தினார். என் கணவரும் உள்ளேயிருந்து, "குடுத்துத் தொலையேன்" என்றார். நான் கொடுக்கவில்லை. கஞ்சப் பிசுநாறி என்ற பெயர் மத்தியானத்துக்குள் தெருமுனை வரை போய்விட்டது.

சாயங்காலம் அண்ணனுக்குக் குளிர்க் காய்ச்சல் தூக்கிப் போட்டது. அக்கா எங்கள் வாசலுக்கு ஓடி வந்தார். ஆட்டோவில் ஏற்றி பெரியாஸ்பத்திரிக்குக் கொண்டு போனோம். ஸ்கேன் எடுத்துப் பார்த்தார்கள். பித்தப்பைக் கல் நழுவிப் பித்தக் குழாயை அடைத்துக்கொண்டிருக்கிறது, உள்ளே சீழும் பிடித்திருக்கிறது, இன்னும் தள்ளிப் போட்டிருந்தால் உயிருக்கே ஆபத்து என்றார் டாக்டரம்மா. வாய் வழியாகக் குழாய் விட்டுக் கல்லை எடுத்தார்கள். அக்கா என் கையைப் பிடித்துக்கொண்டு அழுதார். அன்று முழுக்க நான் சாப்பிடவில்லை என்பதே அப்போதுதான் எனக்கு உறைத்தது.

அண்ணன் வீடு திரும்பியதும் பார்க்க ஆட்கள் வந்தார்கள். நானும் ஹார்லிக்ஸ் பாட்டிலோடு போய் உட்கார்ந்தேன்.

"கல்லு கெடக்கட்டும் மாப்ள," என்று என் கணவரிடம் சொல்லிக்கொண்டிருந்தார் அண்ணன். "ஆஸ்பத்திரிக்குப் போறதுக்கு முந்தியே மதினி அந்த இலைய அரைச்சுக் குடுத்துருச்சுல்ல, அதான் தாங்குச்சு."

மதினி என்றது தன் அண்ணன் மனைவியை. எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. "எந்த இலை? நான்தான் தரலையே?"

பக்கத்தில் நின்ற அந்த அம்மா சாதாரணமாகச் சொன்னார்: "நீ தரலைன்னா என்ன, பைபாஸ் ரோட்டு நடுவுல அம்புட்டுக் கெடக்கே. மஞ்சப் பூவுதான அதுவும்."

அது அழகுக்காக நட்டது. வெளிநாட்டுக் கொடி. இலை மூன்றாகப் பிரிந்திருக்கும், பளபளவென்று இருக்கும், பூ பெரியது. நல்லவேளை, அவர் குடித்தது ஒரு மடக்குதான். நான் எங்கள் டிரம்மிலிருந்து ஒரு கொத்து பறித்து வந்து வித்தியாசத்தைக் காட்டினேன். எல்லோரும் தலையாட்டினார்கள். "இருந்தாலும் ஏதோ ஒரு இலை வேலை செஞ்சிருக்குல்ல" என்றார் என் கணவர். அந்தக் கொத்தை அவர் மடியிலேயே எறிந்துவிட்டு எழுந்து வந்தேன்.

மறுநாள் வாசலில் நின்று சத்தமாகவே சொன்னேன்: காமாலைக்கு இலை வேண்டும் என்றால் முதலில் ரத்தப் பரிசோதனை, டாக்டர், பிறகு இலை. அதை நிறைவேற்றும் பொறுப்பை எதிர்வீட்டு அக்கா தானாகவே எடுத்துக்கொண்டார். இப்போது யாராவது எங்கள் கேட்டைத் தொட்டாலே அவர் மாடியிலிருந்து, "யாருப்பா? டாக்டர்கிட்டப் போனியா இல்லையா?" என்று அதட்டுகிறார். பாதிப் பேர் அப்படியே ஆஸ்பத்திரிக்குத் திரும்புகிறார்கள். எனக்கு அதில் சந்தோஷம்தான். ஆனால் அந்தக் குரல் காலை ஆறு மணிக்கு என் படுக்கையறை ஜன்னலுக்கு நேராக வருகிறது. வாசல் மணியே தேவலை என்று தோன்றுகிறது.