எட்டுச் சொட்டு, இரண்டு நிமிடம்

பார்க்காததைப் பார்த்ததாக எழுதச் சொன்னால் கோமதித்தாய்க்குப் பொல்லாத கோபம் வரும். சங்கரன்கோவில் ராஜபாளையம் ரோட்டில் தங்கசாமி நடத்தும் சின்ன லேபில் பதினோரு வருடமாக அவள்தான் டெக்னீஷியன். ரத்தம், சளி, மூத்திரம் எது வந்தாலும் அவள் கண்ணில் பட்டதுதான் ரிப்போர்ட்டில் ஏறும். இந்தக் குணத்துக்காக முதலாளியிடம் அவள் வாங்கிக் கட்டிக்கொண்டது கொஞ்சநஞ்சமல்ல.

அன்று கோவிலில் ஆடித்தபசுத் திருவிழா. காலை பத்தரை மணிக்கே ஊருக்குள் கால் வைக்க இடமில்லை. லேபில் மட்டும் ஈ ஓட்டிக்கொண்டிருந்தார்கள். அப்போதுதான் பனவடலிசத்திரத்துக்காரன் சுடலைராஜ் வியர்த்து விறுவிறுத்து உள்ளே வந்தான். தங்கச்சி பிரசவத்துக்காக சவூதியிலிருந்து லீவு போட்டு வந்தவன். கையில் மூத்திரம் பிடித்த ஒரு சின்னக் குப்பி. தங்கச்சி பொன்செல்வியின் ஒன்பது நாள் ஆண்பிள்ளைக்கு மஞ்சள்காமாலை. மூன்று தெரு தள்ளி ஒரு நர்சிங் ஹோமில் முந்தின நாள்தான் சேர்த்திருந்தார்கள்.

“குடிச்ச பாலைக் கக்குதான் அக்கா. கண்ணு முழிக்க மாட்டேங்கான். கையத் தூக்கி விட்டா துணி மாதிரி விழுது,” என்றான். “விடாம பால் குடுத்தா மஞ்சள் இறங்கிரும்னு சிஸ்டர் சொல்லுதாக. ரெண்டு மணி நேரத்துக்கு ஒருக்க போன்ல அலாரம் வச்சு என் தங்கச்சி குடுத்துக்கிட்டேதான் இருக்கா. இவன் என்னன்னா மோசமாயிக்கிட்டே போறான்.”

கோமதித்தாய் மூத்திரச் சோதனை ஸ்ட்ரிப்பைக் குப்பியில் முக்கி எடுத்தாள். சர்க்கரைக் கட்டம் நிறம் மாறவில்லை. வேறு லேபாக இருந்தால் அத்தோடு சோலி முடிந்தது. அவளோ அலமாரியிலிருந்து பெனடிக்ட் கரைசலை எடுத்தாள். மயில்துத்தம் கலந்த நீலக் கரைசல், அவளே கலக்கி வைத்திருப்பது. குழாயில் ஐந்து மில்லி நீலம், எட்டுச் சொட்டு மூத்திரம், இரண்டு நிமிடக் கொதி. கைக்குழந்தை யாருடையது வந்தாலும் இதைச் செய்யாமல் விடமாட்டாள். தங்கசாமி இதற்குக் ‘கோமதி காபி’ என்று பேர் வைத்திருந்தார்.

இந்தப் பழக்கம் ஆஸ்பத்திரியில் வந்ததல்ல, கரும்பாலையில் வந்தது. கெமிஸ்ட்ரி முடித்த கையோடு, மலையடிவாரத்தில் இருந்த ஒரு சர்க்கரை ஆலையின் லேபில் சேர்ந்தாள். பாடப் புத்தகத்தில் ‘ஒடுக்கும் சர்க்கரை’ என்று படித்ததை அங்கே ‘ஆர்.எஸ்.’ என்றார்கள். இனிப்பெல்லாம் ஒரே சர்க்கரை இல்லை என்பதுதான் விஷயம். டீயில் போடும் சீனியை நீலக் கரைசலில் போட்டுக் கொதிக்க வைத்தாலும் நீலம் நீலமாகவே இருக்கும். அதே சீனி உடைந்து குளுக்கோஸும் பழச்சர்க்கரையுமாகப் பிரிந்துவிட்டால், அவை கரைசலில் இருக்கும் செம்பை விடாது. பச்சை, மஞ்சள் என்று ஏறி, கடைசியில் செங்கல் நிறத்தில் அடியில் படிய வைத்துவிடும். செம்பை அப்படி மாற்றத் தெரிந்த சர்க்கரைதான் ஒடுக்கும் சர்க்கரை. வெட்டின கரும்பு வெயிலில் கிடக்கக் கிடக்க சாற்றில் ஆர்.எஸ். ஏறும். ஏறிவிட்டால் சீனி கட்டாது, பாகாகவே நிற்கும்.

ஒரு தடவை ஆலை இயந்திரம் பழுதாகி, சிவகிரிப் பக்கத்து விவசாயி ஒருவரின் லோடு மூன்று நாள் வாசலிலேயே காய்ந்தது. சாற்றைச் சோதித்தால் ஆர்.எஸ். எகிறிக் கிடக்கிறது. ‘வரும்போதே பழைய கரும்பு’ என்று எழுதச் சொன்னார் அவளுக்கு மேலே இருந்தவர். இருபத்திரண்டு வயது, புது வேலை. எழுதிக் கையெழுத்தும் போட்டாள். அந்த மனிதர் லோடோடு டிராக்டரைத் திருப்பிக்கொண்டு போனார். ஆலை மூடி, லேப் படிப்புப் படித்து, இங்கே வந்து சேர்ந்து இத்தனை வருடம் ஆன பிறகும் அந்தக் கையெழுத்தை நினைத்தால் அவளுக்கு வெட்கமாக இருக்கும்.

இரண்டு நிமிடம் ஆவதற்குள்ளேயே குழாய் பச்சைக்குப் போய்விட்டது. பிறகு மஞ்சள். இறக்கி வைத்துப் பார்த்தபோது செங்கல் சிவப்பு.

கோமதித்தாய் ஸ்ட்ரிப்பை எடுத்து மறுபடியும் பார்த்தாள். ஸ்ட்ரிப்புக்குக் குளுக்கோஸ் ஒன்றைத்தான் தெரியும். நீலக் கரைசலுக்கு ஒடுக்கும் சர்க்கரை அத்தனையும் தெரியும். பதினோரு வருடத்தில் கைக்குழந்தை ஒன்றுக்கு இரண்டும் இப்படி மாறிச் சொன்னதே இல்லை.

“தம்பி, பிள்ளைக்குப் பாலைத் தவிர வேற என்ன குடுத்திய?”

சுடலைராஜின் முகம் செத்துவிட்டது. “நான்தான் அக்கா சேனை வச்சேன்.” பிறந்த பிள்ளையின் நாக்கில் முதல் இனிப்பைத் தொட்டு வைப்பவனின் குணம் பிள்ளைக்கு வரும் என்பார்கள். வீட்டில் பெரிய பேச்சு நடந்து, தாய்மாமன் அவனைத்தான் வைக்கச் சொன்னார்கள். “அன்னைக்கு வச்சது சீனித்தண்ணிதான். இன்னைக்கும் காலையில பால் குடிக்காம கிடக்கானேன்னு ரெண்டு சொட்டு நாக்குல வச்சேன். யாருக்கும் தெரியாது.” குப்பியைப் பார்த்துக்கொண்டே சொன்னான்: “சீனித்தண்ணி வச்சிருந்த குப்பிதான் இது. கழுவிட்டுத்தான் பிடிச்சேன்.”

மேசைக்குப் பின்னாலிருந்து தங்கசாமி சிரித்தே விட்டார். “சீனிக் குப்பியில மூத்திரத்தப் பிடிச்சிட்டு வந்தா சிவக்காம என்ன செய்யும்? ஸ்ட்ரிப்பு நில்லுன்னு, சர்க்கரை இல்லன்னு சொல்லுதுல்லா, நில்லுன்னு எழுது கோமதி. டாக்டர் கேட்டது சாதா யூரின் டெஸ்ட். உன் காபிய யாரு கேட்டா?”

சுடலைராஜ் சுவரைப் பிடித்துக்கொண்டான். “நான் வச்ச சீனிதானாக்கா அவன இப்படிப் படுத்துது?”

கோமதித்தாய் பக்கத்து டீக்கடைக்குப் போய் ஒரு கரண்டி சீனி வாங்கி வந்தாள். கர்ப்பிணிகளுக்குக் கொடுக்க வைத்திருக்கும் குளுக்கோஸ் பொட்டலத்தையும் உடைத்தாள். தனித்தனியாகக் கரைத்து, ஒவ்வொன்றிலும் ஸ்ட்ரிப் முக்கி, குழாயில் எட்டெட்டுச் சொட்டு விட்டுக் கொதிக்க வைத்தாள்.

குளுக்கோஸ் ஸ்ட்ரிப்பையும் மாற்றியது, கரைசலையும் சிவப்பாக்கியது. சீனி இரண்டையும் தொடவில்லை. நீலம் நீலமாகவே நின்றது.

“பாத்துக்கிடுங்க அண்ணாச்சி,” என்றாள். அவளையறியாமல் குரல் உயர்ந்திருந்தது. “சீனின்னா கரைசல் மாறியிருக்காது. குளுக்கோஸுன்னா ஸ்ட்ரிப்பு மாறியிருக்கும். இந்தப் பிள்ளைக்கு மூத்திரத்துல போறது ரெண்டும் இல்ல. தம்பி, உன் சீனி மேல குத்தமே இல்ல.”

“பொறவு எதுல இருந்துக்கா வருது?”

வாய் வரைக்கும் வந்ததை அவள் விழுங்கிக்கொண்டாள். ஒன்பது நாள் பிள்ளை வேறு என்ன சாப்பிட்டிருக்கும்? பால். பாலில் இருக்கும் சர்க்கரை உடைந்தால் பாதி குளுக்கோஸ், பாதி கேலக்டோஸ். லட்சத்தில் ஒரு பிள்ளைக்கு அந்தக் கேலக்டோஸைச் செரிக்கிற சக்தி பிறக்கும்போதே இருக்காது என்று படித்திருந்தாள். அது ஈரலில் சேரும், மூத்திரத்தில் வழியும். பாலை நிறுத்தாவிட்டால் பிள்ளை தங்காது. ஆனால் வியாதிக்குப் பேர் வைக்க அவள் யார்?

பிள்ளையைப் பார்க்கிற டாக்டர் ஜஸீமாவுக்குப் போன் போட்டாள். மணி அடித்து அடித்து நின்றது. நர்சிங் ஹோம் நம்பருக்குப் போட்டால், டாக்டர் தியேட்டரில் இரட்டைப் பிள்ளை பிரசவத்தில் நிற்கிறார் என்றார்கள். மணி பதினொன்று நாற்பது.

“அடுத்த பால் எப்போ?”

“பன்னெண்டுக்கு.”

மூன்று குழாயையும் ஸ்டாண்டோடு தூக்கினாள். “வெளிய போனா இன்னைக்கு லேப்ப யாரு பாப்பா?” என்று தங்கசாமி கத்தினார். அவள் செருப்பைக்கூட மாட்டவில்லை.

மூன்று தெருதான். ஆடித்தபசுக் கூட்டத்தில் அது முப்பது தெருவாகிவிட்டது. பந்தல்காரர்கள், ஐஸ் வண்டி, தோளில் பிள்ளையைத் தூக்கிய அப்பன்மார், எல்லாரும் எதிரே வந்தார்கள். சுடலைராஜ் முன்னால் போய்க் கையை விரித்து வழி பண்ணினான். குழாய்கள் சிந்தாமல் நெஞ்சோடு அணைத்துக்கொண்டு அவள் பின்னால் ஓடினாள். ஓட ஓட ஒரே பயம். நான் நினைப்பது தப்பாக இருந்தால்? மஞ்சள்காமாலைப் பிள்ளையைப் பட்டினி போட்ட பாவமும் என் தலையில்தானே விடியும்?

வார்டுக்குள் நுழையும்போதே அலாரம் அடித்தது. பொன்செல்வி எழுந்து உட்கார்ந்து, பிள்ளையை மடியில் போட்டு, வாயை மார்போடு சேர்க்கப் போனாள். பிள்ளையின் கண்ணெல்லாம் மஞ்சள். வாயைத் திறக்கக்கூட அதற்குத் தெம்பில்லை. அவள்தான் விரலால் திறந்துகொண்டிருந்தாள்.

“கொஞ்சம் பொறு தாயி!”

சிஸ்டர் குறுக்கே வந்தார். “நீங்க யாரு? பால் குடுக்கிற நேரம் இது.”

“லேப்ல இருந்து வாரேன். டாக்டர் பாக்குற வரைக்கும் குடுக்காண்டாம்.”

“அதச் சொல்ல நீங்க டாக்டரா?”

“இல்ல. நான் சோதிச்சதச் சொல்லுதேன். டாக்டர்ட்ட காட்டுங்க. நான் சொன்னது தப்புன்னா அவுக முன்னாலேயே நான் போயிருதேன்.”

பொன்செல்வி இருவரையும் மாறி மாறிப் பார்த்தாள். பிறகு அண்ணனைப் பார்த்தாள். சுடலைராஜ் தலையை ஆட்டினான். அவள் பிள்ளையை மார்பிலிருந்து விலக்கினாள். பால் ஜாக்கெட்டை நனைத்துச் சேலையில் இறங்கியது.

பத்து நிமிடம் கழித்து டாக்டர் ஜஸீமா தியேட்டர் உடையோடு வந்தார். சிஸ்டர் முறையிடத் தொடங்குவதற்குள் கோமதித்தாய் ஸ்டாண்டை நீட்டிவிட்டாள். “இது சீனி மேடம். இது குளுக்கோஸ். இது பிள்ளையோடது.”

“ஸ்ட்ரிப்?”

“நில்.”

டாக்டர் சிவப்புக் குழாயை வெளிச்சத்தில் தூக்கிப் பார்த்தார். பிள்ளையின் வயிற்றை அமுக்கி ஈரல் எங்கே நிற்கிறது என்று பார்த்தார். பொன்செல்வியிடம் கேட்டார்: “கல்யாணம் சொந்தத்துலயாம்மா?”

“அத்தை மவன்.”

“பாலை நிறுத்துங்க. இப்பவே. டிரிப் போட்டுரலாம்.” சிஸ்டரிடம் திரும்பினார். “சுத்தமான பையில புது சாம்பிள் பிடிங்க. திருநெல்வேலிக்கு நான் பேசுதேன், நூத்தியெட்டக் கூப்பிடுங்க.”

புது சாம்பிளுக்கு அரை மணி நேரம் ஆனது. சுடலைராஜ் லேபிலிருந்து எடுத்து வந்த கரைசலில் கோமதித்தாய் அங்கேயே கொதிக்க வைத்தாள். அதுவும் செங்கல் சிவப்பு. அவள் நினைத்தது சரியாகப் போனதில் அவளுக்குக் கொஞ்சம்கூடச் சந்தோஷமில்லை.

ஆம்புலன்சில் ஏறும்போது பொன்செல்வி அவள் கையைப் பிடித்தாள். “அக்கா, அலாரம் வச்சு அலாரம் வச்சு குடுத்தேனே. நான் குடுத்ததுதான் அவனுக்கு விஷமா?”

“உன் பால்ல ஒரு குத்தமும் இல்ல தாயி. அதச் செரிக்க அவன் உடம்புக்குத் தெரியல, அம்புட்டுத்தான்,” என்றாள் கோமதித்தாய். சொல்லிவிட்டு, வண்டி கூட்டத்துக்குள் மறையும் வரை வெறுங்காலோடு தார் ரோட்டில் நின்றாள்.

தங்கசாமி ஒரு வாரம் அவளோடு பேசவில்லை. திருநெல்வேலியிலிருந்து அனுப்பிய ரத்தத்தின் முடிவு வந்து, பிள்ளைக்குச் சேராதது கேலக்டோஸ்தான் என்று டாக்டர் ஜஸீமாவே லேபுக்கு வந்து சொன்ன அன்றுதான் வாயைத் திறந்தார். “கோமதி, அந்த நீல மருந்து தீரப் போகுதோ என்னமோ, பாத்துக்கோ,” என்றார். அதற்கு மேல் அவரிடம் எதிர்பார்க்க முடியாது.

ஐந்து வாரம் கழித்து அண்ணனும் தங்கச்சியும் பிள்ளையோடு வந்தார்கள். மஞ்சள் இல்லை. கன்னம் பிடித்திருந்தது. காலை உதைத்துக்கொண்டு கத்தின கத்தில் லேபே அதிர்ந்தது. சோயாப் பால்தான் ஆகாரம். ஆயுசுக்கும் பாலும் மோரும் ஆகாது. இந்தத் தடவை சாம்பிள், லேப் கொடுத்த புதுக் குப்பியில் வந்தது.

எட்டுச் சொட்டு விட்டுக் குழாயைத் தீயில் பிடித்தாள். பொன்செல்வி பக்கத்தில் வந்து நின்றாள். ஒரு நிமிடம். ஒன்றரை. சுடலைராஜ் வாசலுக்குப் போய் முதுகைக் காட்டி நின்றுகொண்டான். இரண்டு நிமிடம் ஆனது. நீலம் நீலமாகவே இருந்தது.

கோமதித்தாய் குழாயை ஆறவைத்து அவள் கையில் கொடுத்தாள். பொன்செல்வி அதை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்துக்கொண்டே இருந்தாள்.

“பால் வத்த ஒரு மாசம் ஆச்சுக்கா,” என்றாள். “இவன் அழுத போதெல்லாம் எனக்குச் சுரந்துச்சு. பிழிஞ்சு பிழிஞ்சு சாக்கடையில ஊத்துனேன். இந்த நீலத்தப் பாக்கத்தான் ஊத்திருக்கேன், என்னக்கா?”

“ஆமா தாயி.”

பிள்ளை மறுபடியும் வீறிட்டது. பொன்செல்வி குழாயைத் திருப்பிக் கொடுத்துவிட்டு, பையிலிருந்து சோயாப் பாலையும் சங்கையும் எடுத்தாள். கோமதித்தாய் ரிப்போர்ட்டில் ‘ஒடுக்கும் சர்க்கரை: இல்லை’ என்று எழுதிக் கையெழுத்துப் போட்டாள்.