ஆத்தா கழுத்து வரைக்கும்

மெட்ரோ ரயிலுக்காக அடையாற்றுப் பக்கம் சாலையைத் தோண்டிப் போட்டிருக்கிறார்கள். பஸ்ஸுக்கு நின்றிருந்தேன். குழிக்குள்ளிருந்து கறுப்புக் களிமண் மேலே வந்தது, மட்டி ஓட்டுச் சில்லுகளோடு. பக்கத்தில் நின்றவர் மூக்கைப் பொத்திக்கொண்டார். நான் நன்றாக இழுத்து முகர்ந்தேன். அது நாற்றம் இல்லை ஐயா, எங்கள் ஊர்.

ஊர் என்றால் சிரிப்பீர்கள். ராஜா அண்ணாமலைபுரத்துப் பங்களாக்களின் பின்சுவருக்கும் ஆற்றுக்கும் நடுவே கொஞ்சம் குடிசைகள். ஒரு வீட்டில் தும்மினால் ஊருக்கே கேட்கும். அதிலும் மேடு, பள்ளம் என்று இரண்டு பேட்டை. பள்ளத்தைவிட மேடு ஒரு முழம் உயரம், அவ்வளவுதான். அந்த ஒரு முழத்துக்கு மேட்டுக்காரர்கள் பண்ணிய அலட்டலைப் பங்களாக்காரர்கள்கூடப் பண்ணியதில்லை. மழையில் ஆறு ஏறினால் பள்ளத்து ஜனம் சட்டி பானையோடு மேட்டுக் குடிசைகளுக்குள் வந்து உட்கார்ந்துகொள்ளும். சண்டை நடக்கும், ஒரே அடுப்பில் கஞ்சி காயும், கல்யாணம் முடிவாகும். என் அப்பா மேடு, அம்மா பள்ளம். வெள்ளம் வராவிட்டால் நான் இல்லை.

அந்த வெள்ளத்தை அளக்க எங்களிடம் இருந்தது கங்கையம்மன். மேடும் பள்ளமும் சேரும் இடத்தில் கூரையில்லாமல் நின்ற கருங்கல் சிலை. தண்ணீர் அவள் பாதத்தைத் தொட்டால் அது பாத வருஷம். முட்டி வருஷம், இடுப்பு வருஷம் என்று ஊர்ச் சரித்திரமே அவள் உடம்பில்தான். நான் முட்டி வருஷத்தில் பிறந்தவன். பள்ளிக்கூடத்தில் சேர்க்கும்போது அம்மா அதையே சொல்ல, வாத்தியார் தன் இஷ்டத்துக்கு ஒரு தேதி போட்டார். இன்றைக்கும் அந்தத் தேதியில்தான் எனக்கு வயதாகிறது.

எழுபதுகளில் ஒருநாள் ஜீப்பில் அதிகாரி ஒருவர் வந்தார். இங்கேயே கல்வீடு கட்டித் தருவதா, நகரத்துக்கு வெளியே அனுப்புவதா என்று பார்க்கத்தான் வருகிறார் என்று எல்லாருக்கும் தெரியும். வெள்ளத்தைப் பற்றி யாரும் வாயைத் திறக்கக் கூடாது என்று பேசி வைத்திருந்தார்கள். அவர் பேண்ட்டைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு நடந்தார். இந்தச் சேற்றில் எப்படித்தான் இருக்கிறீர்களோ என்று முகம் சுளித்தார். அப்பாவின் தங்கை பவுனு அத்தைக்குப் பொறுக்கவில்லை.

"இன்னா சார், இதுக்கே மூஞ்ச சுளிக்கிற? அந்த வருசம் ஆத்தா கழுத்து வரிக்கும் வந்துச்சு. அவளும் நவுரல, நாங்களும் நவுரல."

எது வரை என்று அவர் ரொம்ப மரியாதையாகக் கேட்டார். அத்தை அம்மன் கழுத்தில் கை வைத்துக் காட்டினாள், புது நகையைக் காட்டுகிற மாதிரி. வெள்ளம் ஏறும் இடம், குடியிருக்க லாயக்கில்லை என்று முடிவாகி எங்களை லாரியில் ஏற்றினார்கள். ஊரே அத்தையைத் திட்டியது. நான் திட்டமாட்டேன். எங்களுக்கு இருந்த ஒரே பெருமையை அவள் எடுத்துக் காட்டினாள். அதை எழுதிக்கொண்டு போனவன்மேல்தான் என் கோபம்.

இப்போது பள்ளத்தில் அடுக்குமாடி நிற்கிறது. சில வருஷங்களுக்கு முன் பெருமழையில் அங்கே கீழே நிறுத்தியிருந்த கார்களெல்லாம் முழுகின. லாயக்கில்லை என்று சொல்ல ஒரு ஜீப்பும் வரவில்லை. வயிற்றெரிச்சல் தாங்காமல் பஸ் ஏறிப் போய் அத்தையிடம் கொட்டினேன். பல்லெல்லாம் போய்விட்டது அவளுக்கு. கடைசி வரை கேட்டுவிட்டு ஒன்றே ஒன்று கேட்டாள்.

"கழுத்து வரிக்கும் வந்துச்சா?"

கட்டடம் கட்டும்போது அம்மனைப் பெயர்த்து எங்கே போட்டார்கள் என்று யாருக்கும் தெரியாது. எதை வைத்து அளந்து அவளுக்குச் சொல்வேன்?