காவிக்கு அடியில் நான்கு மாதம்

கோவிட் அடங்கி, இங்கே மலேசியாவில் தொழிற்சாலைகள் மறுபடி மூச்சுவிடத் தொடங்கிய சமயம் அது. சுவா பக்கத்துத் தோட்டத்து வீடுகளிலிருந்து சுங்கை காடுட் தொழிற்பேட்டைக்கு வேலையாட்களை ஏற்றி இறக்கும் வேன் என்னுடையது. வேன் ஓட்டுவது வயிற்றுக்கு. அக்கி எழுதுவது பேருக்கு. இடுப்பிலோ மார்பிலோ கொப்புளம் வரிசைகட்டி எரிந்தால், எங்கள் பக்கத்தில் முதலில் என்னைத்தான் தேடுவார்கள். காவி மண்ணைக் குழைத்து, கோழி இறகால் கொப்புளத்தின் மேல் சிங்கம் வரைவேன். மூன்று நாள் குளிக்கக் கூடாது. காசு வாங்க மாட்டேன். கைராசிக்காரர் என்பார்கள், அதைக் கேட்க எனக்கு ஆசைதான்.

வேனில் கடைசி இருக்கையில் ஒரு தம்பி வருவான். முப்பது வயதிருக்கும், கல்யாணம் ஆகவில்லை, தனியாகத் தங்கியிருந்தான். முந்தின வருடமே அவனுக்கு ஒரு தடவை எழுதியிருந்தேன். இப்போது மறுபக்க விலாவில் அக்கி. சட்டையைக் கழற்றியபோது தோள்பட்டையில் நாவற்பழக் கறைபோல இரண்டு திட்டு தெரிந்தது. அரிப்பில்லை, வலியில்லை. மெஷினில் இடித்திருக்கும் என்றான். நான்தான் கைராசிக்காரனாயிற்றே, அதன் மேலும் இறகை ஓட்டினேன்.

"கிளினிக்குக்கு ஒரு நடை போயிட்டு வரவாண்ணே?" என்று கேட்டான்.

"அக்கிக்கு ஊசி போட்டா உள்ள இறங்கிடும்டா தம்பி. எளநி குடி, சூடு தணிஞ்சா போயிடும்லா."

என் வாயிலிருந்து வந்ததில் ஒன்றே ஒன்றைத் திரும்ப விழுங்கலாம் என்றால், அதைத்தான் விழுங்குவேன்.

கொப்புளம் காய்ந்தது. திட்டு மட்டும் இரண்டு நான்கானது. மறுபடி வந்தான், மறுபடி பூசினேன். ஆள் மெலிந்து சட்டை தொளதொளத்தது. வேனில் அவன் பக்கத்து இருக்கை காலியாகவே வந்தது. கண்ணாடியில் பார்த்துக்கொண்டுதான் ஓட்டினேன். நான்கு மாதம் இப்படியே போயிற்று. ஒரு காலை, மூக்கின் மேலும் ஊதாத் திட்டு. வேன் படியில் ஏறத் தெம்பில்லாமல் அப்படியே உட்கார்ந்துவிட்டான். மற்றவர்களை இறக்கிவிட்டு, அவனை நேராகச் சிரம்பான் பெரிய மருத்துவமனைக்குக் கொண்டுபோனேன்.

ரத்தம் எடுத்தார்கள், திட்டிலிருந்து துளி சதையும் எடுத்தார்கள். முடிவு கேட்கப் போன அன்று, "எனக்கு வேற ஆளில்ல, நீங்களும் உள்ள வாங்கண்ணே" என்று கூப்பிட்டான். எச்.ஐ.வி. என்றார் டாக்டரம்மா, நம் தமிழ்ப் பெண். உடம்பின் எதிர்ப்புச் சக்தி தேய்ந்துபோனதால் தோலில் கிளம்பிய புற்றுநோய்தான் அந்தத் திட்டுகள் என்றார். கேட்டதும் என் கண் முதலில் போனது, இறகு பிடித்த என் விரல்களுக்கு. சொல்ல இன்றும் கூசுகிறது. அவர் கவனித்திருக்க வேண்டும். தொட்டால் ஒட்டாது என்று, யாரும் கேட்காமலே சொன்னார்.

பிறகு, திட்டு வந்து எத்தனை நாள், தோள்பட்டையில் சிவப்பாய் இருப்பது என்ன என்று அவனைக் கேட்டார். இரண்டு வாரம்தான், காவியைத் தானே பூசிக்கொண்டதாகச் சொன்னான். என் பக்கம் திரும்பவே இல்லை.

முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைக்க எனக்காக அவன் இலையே போட்டுவிட்டான். நான் வாயை மூடிக்கொண்டால் போதும். ஆனால் பொய்யின் மேல் எப்படி வைத்தியம் நிற்கும்?

"நாலு மாசம், டாக்டர். பூசினது நான். இங்க வர வேணாம்னு தடுத்ததும் நான்தான்."

அவர் திட்டவில்லை. திட்டியிருந்தால் ஆறியிருக்கும். எழுதியதை அடித்துவிட்டுத் திருத்தி எழுதினார். இந்த இள வயதில் அக்கி இரண்டு தடவை வந்தால் உடம்பு கதவைத் தட்டுகிறது என்று அர்த்தம், அப்போதே ரத்தம் பார்த்து மாத்திரை தொடங்கியிருந்தால் இதைத் தடுத்திருக்க வாய்ப்பிருந்தது என்றார். புற்று உள்ளே பரவியிருக்கிறதா என்று இனி நுரையீரல், குடலையும் பார்க்க வேண்டுமாம்.

வெளியே வந்ததும், ஏன்டா பொய் சொன்னாய் என்றேன்.

"இந்த நாலு மாசத்துல உங்களத் தவிர என்னை யாரும் தொடலண்ணே," என்றான்.

ஆயிரம் பேரைக் கொன்றவன் அரை வைத்தியன் என்பார்கள். பல பேரைப் பார்த்துச் சிரித்துக்கொண்டே அதைச் சொல்லியிருக்கிறேன். அன்று வேன் கண்ணாடியைப் பார்த்துச் சொல்ல வேண்டியிருந்தது.

தினமும் மாத்திரை, சில மாதம் புற்றுநோய்க்கான மருந்தும் ஏற்றினார்கள். ஒவ்வொரு தடவையும் நான்தான் கூட்டிப்போனேன். திட்டுகள் மங்கின, மூக்கின் மேல் மட்டும் தேத்தண்ணிக் கறைபோல ஒன்று நின்றுவிட்டது. மறுபடி வேலைக்கு வருகிறான், இப்போது முன் இருக்கையில், என் பக்கத்தில். அவனிடம் கேட்டுத்தான் இதை எழுதுகிறேன்.

அக்கி என்று இன்றும் ஆட்கள் வருகிறார்கள். முதலில் கிளினிக்குக்குப் போய்வந்து அவர்கள் தந்த அட்டையை என்னிடம் காட்டு, பிறகு காவி என்கிறேன். கைராசி போய்விட்டதா என்று கேலி பேசுகிறார்கள். ஆமாம், போய்விட்டது என்கிறேன். காவிக் கிண்ணத்தைப் பார்க்கும்போதெல்லாம் அந்த நான்கு மாதம்தான் நினைவுக்கு வருகிறது. அதை அவனுக்குத் திருப்பி எழுதித் தர என்னிடம் எந்த இறகும் இல்லை.